வலைக்குள் நின்ற இளவரசர்

மொரப்பூர் இருப்புப்பாதை நிலையத்தின் நடைமேடையிலே சற்று நேரம் நின்றிருந்தால் ஓர் உண்மை விளங்கும். அரூரிலிருந்தும் கம்பைநல்லூரிலிருந்தும் மூட்டை முடிச்சுகளோடு வந்து காத்திருப்போர் பலர். நிற்காமலே பறந்து செல்லும் விரைவு வண்டிகளும் பல! அந்த வண்டியின் சன்னலோரத்தில் அமர்ந்திருப்பவனுக்கு நடைமேடையில் நிற்பவன் ஒரு நிழல், ஒரு கோடு, அவ்வளவே! முகம் தெரியாது, முகத்திலே படிந்த கவலை தெரியாது, கையிலே பிடித்திருக்கும் குழந்தை தெரியாது. நின்று போகும் வண்டிக்கே ஊரின் முகம் தெரியும்.

படம் பிடிக்கும் கருவியும் அத்தகையதே. அது எவன் எதிரே நின்றதோ அவனுக்கு முகம் உண்டு, வரலாறு உண்டு, நூறாண்டு கழிந்த பின்னும் கைதட்டல் உண்டு. எவனைக் கடந்து பறந்து சென்றதோ அவன் நிழல்!

இந்த எண்ணத்தை என் நெஞ்சிலே கிளறிவிட்டது ஒரு சிறு நிகழ்ச்சி. எங்கள் படிப்பகத்து நண்பர்கள் ஒரு மாலை கூடியிருந்தபோது, இளைஞர் ஒருவர் கைப்பேசியிலே ஒரு பழைய படத்தைக் காட்டினார். ஒரு நிமிடம் ஓடும் படம், ஒலி இல்லை, வண்ணம் இல்லை. வலை கட்டிய இடத்திலே ஒருவர் மட்டை பிடித்து நிற்கிறார், பந்து வருகிறது, அடிக்கிறார், மீண்டும் வருகிறது, மீண்டும் அடிக்கிறார்.

"1897 டிசம்பரில் சிட்னி நகரிலே எடுத்தது. ஆடுபவர் ரஞ்சித்சிங்ஜி. உலகிலே எஞ்சியிருக்கும் கிரிக்கெட் படங்களுள் இதுவே மிகப் பழையதாம்!" என்றார் இளைஞர். கூடியிருந்தோர் கைதட்டினர். நானும் தட்டினேன். வெள்ளையர் உலகை ஆண்ட நாளிலே, வெள்ளையர் ஆட்டத்திலே, வெள்ளையர் கருவியின் எதிரே, நம் நாட்டான் ஒருவன் நிமிர்ந்து நிற்கும் காட்சியல்லவா! தட்டாதிருக்கக் கை வருமோ?

பின்வரிசையிலே பெரியவர் ஒருவர். இருப்புப்பாதைப் பணியிலே கடப்பாரை பிடித்துக் காய்த்த கையினர். அவர் மட்டும் தட்டவில்லை. மெல்லக் கேட்டார்:

"அது சரி, தம்பி. அவருக்குப் பந்து போடுகிறவன் யாரப்பா?"

இளைஞர் விழித்தார். நானும் விழித்தேன். படத்தின் தலைப்பைப் பார்த்தோம். வலையிலே மட்டையாடிப் பழகும் இளவரசர் ரஞ்சித்சிங்ஜி என்பது அதன் பொருள். இளவரசருக்குப் பெயர் உண்டு. வலைக்குக்கூடப் பெயர் உண்டு. பந்து போட்டவனுக்கு இல்லை!

அந்தக் கேள்விக்கு விடை தேடப் புறப்பட்டதன் விளைவே இக்கட்டுரை.

*

முதலிலே அந்தப் படத்தைப் பிடித்தவரைப் பற்றி அறிந்துகொள்வோம். அறியாமல் குறை கூறுவது திறனாய்வன்று, புறங்கூறல்.

1896 ஜூலை 7. பம்பாய் வாட்சன் விடுதியிலே, ஒரு ரூபாய் கட்டணத்திலே, அசையும் படங்கள் இந்தியாவிலே முதன்முதலாகக் காட்டப்பட்டன. தொடர்வண்டி ஒன்று நிலையத்துக்குள் நுழைகிறது; தொழிற்சாலையை விட்டுத் தொழிலாளர் வெளியேறுகின்றனர்; சுவர் ஒன்று இடிக்கப்படுகிறது. இவையே அன்றைய காட்சிகள். பிரெஞ்சு நாட்டு லூமியேர் உடன்பிறந்தாரின் முகவராக வந்து அவற்றைக் காட்டியவர் மாரியுஸ் செஸ்தியே, தொழிலால் மருந்தாளுநர். பம்பாயிலே பணி முடித்து அவர் கப்பலேறிச் சென்ற இடம் ஆஸ்திரேலியா. சிட்னியிலே அவரோடு கைகோத்தவர் புகழ் பெற்ற நிழற்படக் கலைஞர் ஹென்றி வால்ட்டர் பார்னெட். இருவரும் 1896 நவம்பர் 3-இல் மெல்பர்ன் கோப்பைக் குதிரைப் பந்தயத்தைப் படம் பிடித்தனர். நியூஹேவன் என்ற குதிரை வென்ற ஆண்டு அது. மறு ஆண்டு, இங்கிலாந்துக் கிரிக்கெட் அணி ஆஸ்திரேலியாவுக்கு வந்தபோது, ரஞ்சித்சிங்ஜியை வலைக்குள் நிறுத்திப் படமெடுத்தவர் பார்னெட். நாடும் நாடும் மோதும் விளையாட்டுப் போட்டியின் பக்கம் படக்கருவியைத் திருப்பிய முன்னோடிகளுள் இவருக்கு ஓர் இடம் உண்டு.

அன்றைய கருவியின் ஆற்றல் எவ்வளவு? கையால் சுழற்றும் மரப்பெட்டி அது. ஒரு சுருள் ஏறத்தாழ 17 மீட்டர் நீளம். நொடிக்கு 16 படம் வீதம் ஓடினால் 50 நொடியிலே தீர்ந்துபோகும். தொலைவில் உள்ளதை அருகிலே இழுத்துக் காட்டும் ஆடி அதிலே இல்லை. நின்ற இடத்திலிருந்து தலையைத் திருப்பவும் அதற்கு வராது.

இத்தகைய கருவியைத் தூக்கிக்கொண்டு பந்தயத் திடலுக்குப் போனவர் பாட்டை எண்ணிப் பாருங்கள்! குதிரைகள் கண் இமைக்கும் நேரத்திலே கடந்துவிடும். ஆகவே மெல்பர்னிலே அவர்கள் பிடித்தவற்றுட் பெரும்பகுதி பந்தயத்தைச் சூழ்ந்திருந்த காட்சிகள்: வண்டியிலிருந்து இறங்கும் கூட்டம், புல்வெளியிலே உலவும் சீமான்கள் சீமாட்டிகள், சேணம் பூட்டும் இடம், வெற்றி பெற்ற குதிரை. கூட்டத்தினிடையே பார்னெட்டே தோன்றி நடமாடுவதையும் காணலாம்.

கிரிக்கெட்டோ இன்னும் கடினம். எல்லைக் கோட்டுக்கு அப்பால் கருவியை வைத்தால் நடுத்திடலில் ஆடுபவன் எறும்பளவு தெரிவான். ஐந்து நாள் ஆட்டத்தை ஐம்பது நொடியிலே அடக்குவது எப்படி? பார்னெட் ஓர் எளிய வழி கண்டார். ஆட்டத்தைத் தேடிக் கருவி போக இயலாது. ஆட்டக்காரனைக் கருவியின் முன் கொண்டுவந்தார். திடலை விடுத்து வலையைத் தேர்ந்தார். மட்டையின் வீச்சு, மணிக்கட்டின் திருப்பம், காலின் நகர்வு ஆகியவற்றை அருகிலிருந்து காண முடிந்தது. கருவியின் குறையைக் கலையின் வாய்ப்பாக மாற்றிய அந்த அறிவுக்கு நாம் தலை வணங்கத்தான் வேண்டும்.

ஆனால், தோழர்களே, அந்த ஒரு தேர்விலே இன்னொன்றும் நிகழ்ந்துவிட்டது. வலைக்குள் நிறுத்தியவுடன் ஆட்டம் மறைந்தது; ஆள் மட்டும் எஞ்சினார்! எதிரணி இல்லை, பந்தைத் தடுக்க ஓடும் பதினோரு பேர் இல்லை, நடுவர் இல்லை, கூச்சலிடும் மக்கள் இல்லை. பந்து வருகிறது; எங்கிருந்தோ வருகிறது; வானத்து மழைபோல வருகிறது! அடிப்பவர் மட்டுமே காட்சி. பலர் சேர்ந்து செய்யும் வேலை ஒருவரின் வித்தையாகிவிட்டது. விளையாட்டுப் படங்களிலே 'தனி நாயகர்' பிறந்ததற்கு முதற் காரணம் ஆணவம் அன்று, ஆடியின் குறை. பின்னாளிலே ஆடி வளர்ந்தது. தனி நாயகர் போனாரா? அதுதான் கேள்வி.

*

ரஞ்சியின் ஆற்றலை மறுப்பவனல்லன் நான். 1896-இல் மான்செஸ்டர் திடலிலே இங்கிலாந்து அணிக்காக முதன்முதல் களமிறங்கி 154 ஓட்டம் எடுத்து ஆட்டமிழக்காமல் நின்றவர் அவர். 1897 டிசம்பரிலே சிட்னித் தேர்வுப் போட்டியில், நோயினின்று முற்றும் தேறாத உடலோடு 175 ஓட்டம் குவித்தவர். அந்தப் படம் எடுக்கப்பட்ட நான்கே ஆண்டுகளில், 1901-இல், நிறம் கண்டு மனிதரைத் தடுக்கும் குடிவரவுத் தடைச் சட்டத்தை ஆஸ்திரேலியா இயற்றியது. அத்தகைய நாட்டின் நடுவிலே, மாநிறத்தார் ஒருவரைக் காண வெள்ளையர் காசு கொடுத்துத் திரையரங்கிலே குழுமினர் என்றால் அது சிறு செய்தியா? அன்று!

ஆயினும் அவரை அந்த வலைக்குள் கொண்டுபோய் நிறுத்தியது ஆற்றல் மட்டுமா? 'இளவரசர்' என்ற பட்டமும் சேர்ந்தல்லவா! பட்டம் நிறத்தை மறைத்தது. 1907-இல் அவர் நவாநகர் அரியணையிலும் ஏறினார். அவர் பெயரால் 1934 முதல் கோப்பையும் வழங்கப்பட்டு வருகிறது. நிறத்தடையைத் தாண்ட ஒரு மகுடம் உதவியது. மகுடம் இல்லாதவனுக்கு?

இதே காலத்தில், இதே நாட்டிலே, வேறொரு வலை இருந்தது. அந்த வலையை அறியாமல் முதல் வலையைப் புரிந்துகொள்ள இயலாது.

பூனா நகரிலே ஐரோப்பியர் ஆடும் கிரிக்கெட் சங்கம் ஒன்று. அங்கே திடலைச் சமன்செய்யவும், உருளை இழுக்கவும், வலை கட்டவும் மாதம் நான்கு ரூபாய் ஊதியத்துக்கு அமர்ந்திருந்தார் ஓர் இளைஞர். 1876-இல் பிறந்தவர், தோல் தொழில் செய்வோர் எனத் தாழ்த்தி வைக்கப்பட்ட சாதியினர். பெயர் பல்வங்கர் பாலு. இடக்கையால் சுழற்பந்து வீசுவார். கிரெய்க் என்ற வெள்ளை அதிகாரி மட்டைப் பயிற்சி பெற நாள்தோறும் மணிக்கணக்கிலே பந்து போடுவார். பந்து போடுவார், போட்டுக்கொண்டே இருப்பார், ஆனால் அந்த வலைக்குள்ளே மட்டை பிடிக்க அவருக்கு வாய்ப்புத் தரப்படவில்லை! மட்டை பிடிப்பது மேலோர் உரிமை. பந்து போடுவது வேலைக்காரன் கடமை!

இது இந்தியாவின் தனி நோய் என்று எண்ணிவிட வேண்டா. இங்கிலாந்திலும் 'கனவான்கள்' என்றும் 'ஆட்டக்காரர்கள்' என்றும் இரண்டு வகுப்பு வைத்திருந்தனர். ஊதியமின்றி ஆடும் சீமான் கனவான், கூலிக்கு ஆடும் உழைப்பாளி வெறும் ஆட்டக்காரன். அந்தப் பிரிவினை ஒழிந்தது 1962-இல்தான். அங்கே வகுப்பு, இங்கே வகுப்போடு சாதி. அங்கே தனி வாயில். இங்கே தனிக் குவளை!

ஆம், தனிக் குவளை! பாலுவின் பந்துவீச்சு இல்லாமல் வெள்ளையரை வெல்ல இயலாது என்று உணர்ந்து பூனா இந்துக்கள் அவரைத் தம் அணியிலே சேர்த்துக்கொண்டனர். திடலிலே அவர் தொட்ட பந்தை எல்லாரும் தொட்டனர். தேநீர் வேளை வந்தது; மற்றவர்க்கு மண்டபத்துக்குள்ளே கோப்பை; அவருக்கு மண்டபத்துக்கு வெளியே மண்குவளை! பந்துக்கு இல்லாத தீட்டு தேநீருக்கு இருந்தது. விந்தை மனிதர், விந்தைத் தீட்டு!

1911-இல் பாட்டியாலா மன்னர் தலைமையிலே இந்திய அணி இங்கிலாந்து சென்றது. தலைவர் மன்னர், பாடுபட்டவர் பாலு. அந்தப் பயணத்திலே அவர் வீழ்த்திய விக்கெட்டுகள் 114! தோள் வலியைத் தாங்கிக்கொண்டு வீழ்த்தினார். ஊர் திரும்பிய பிறகும் அணித் தலைமை அவருக்குத் தரப்படவில்லை. அவர் தம்பி விட்டல் 1923-இல்தான் இந்து அணிக்குத் தலைவரானார். அதற்கும் அண்ணனும் தம்பியரும் போராட வேண்டியிருந்தது.

அந்த இடக்கைச் சுழற்சியைக் காட்டும் அசைபடம் ஒன்றையும் நான் கண்டதில்லை. ரஞ்சியின் மணிக்கட்டை இன்றும் ஒரு விரல் தொடுதலிலே காணலாம். பாலுவின் மணிக்கட்டை ஏட்டிலே எண்ணாகத்தான் காணலாம். 114 என்ற எண்! பெரியவர் கேட்டாரே, "பந்து போடுகிறவன் யாரப்பா?" என்று, சிட்னியிலே போட்டவர் யாரோ, பூனாவிலே போட்டவர் இவர்!

*

"அந்தக் காலம் அப்படி, கலைஞன் என்ன செய்வான்?" என்று சிலர் கூறக்கூடும். அந்தக் காலத்திலேயே வேறுவிதமாகச் செய்த கலைஞனும் உண்டு என்பதே நம் விடை.

பம்பாயிலே ஹரிச்சந்திர சகாராம் பட்வடேகர் என்ற நிழற்படக் கலைஞர். சாவே தாதா என்று அழைக்கப்பட்டவர். லண்டனிலிருந்து படக்கருவி ஒன்றை வரவழைத்தார். 1899-இல், பம்பாய்த் தொங்கு தோட்டத்திலே நடந்த மற்போரைப் படம் பிடித்தார். இந்தியர் ஒருவர் கையால் பிடித்த முதற்படம் என்று போற்றப்படுவது அதுவே. கடவுளையன்று, மன்னனையன்று, மண்ணிலே புரண்ட இரண்டு மல்லர்களைப் படம் பிடித்தார்! ஒருவர் புண்டலிக் தாதா. மற்றவர் கிருஷ்ண நாவி. இருவர் பெயரும் வரலாற்றிலே நிற்கின்றன. 'நாவி' என்பது மராட்டியிலே நாவிதரைக் குறிக்கும் சொல். சவரக்கத்தியின் பெயர் தாங்கிய ஒருவர், இந்தியத் திரைப்பட வரலாற்றின் முதல் ஏட்டிலே முதல் வரியிலே இருக்கிறார்! இதை எத்தனை பள்ளிப் பிள்ளைகள் அறிவர்?

மற்போரிலே வலை இல்லை என்பதையும் கவனியுங்கள். ஒருவனை மட்டும் காட்ட முடியாது. பிடிப்பவனைக் காட்டினால் பிடிபடுபவனையும் காட்டியாக வேண்டும். இருவரும் ஒரே மண்ணிலே, ஒரே சட்டத்துக்குள்ளே. கருவி அதே கருவி. குறை அதே குறை. ஆயினும் காட்சி வேறு. எனவே, குறை கருவியிலே மட்டும் இல்லை. எதன் முன்னே அதை வைக்கிறோம் என்ற எண்ணத்திலேயும் இருக்கிறது.

சாவே தாதாவும் அந்த வழியிலேயே நிற்கவில்லை என்பதை மறைக்காமல் கூற வேண்டும். 1903-இல் கர்சன் நடத்திய தில்லி தர்பாரின் பகட்டைப் படம் பிடித்தவர்களுள் அவரும் ஒருவர். மல்லர்களிடமிருந்து மன்னர்களிடம் போய்ச் சேர்ந்தது கருவி! காசு இருக்கும் இடத்துக்குக் கருவி போகும் என்பது அன்றே தெரிந்த பாடம்.

இதனினும் பழைய சான்று நம் வீட்டிலேயே இருக்கிறது. புறநானூற்றிலே, போரவைக்கோப்பெருநற்கிள்ளி என்ற சோழன் ஆமூர் மல்லனோடு பொருத மற்போரைச் சாத்தந்தையார் பாடியிருக்கிறார். அச்சோழன் பொருத வேகத்தைக் காட்ட அப்புலவர் ஓர் உவமை தேடினார். மின்னலைச் சொல்லவில்லை, தேவர் படைக்கலத்தைச் சொல்லவில்லை. ஊரிலே திருவிழா, வீட்டிலே மனைவி பேறுகால வேதனையில், மழை வேறு, பொழுதும் சாய்கிறது, அந்த நேரத்திலே கட்டில் பின்னி முடித்துவிட்டு ஓட வேண்டிய தோல் தொழிலாளியின் கையிலுள்ள ஊசி எவ்வளவு விரைவாகப் போகுமோ அவ்வளவு விரைவு என்கிறார்! மன்னன் மற்போரைக் காட்டவந்த காட்சிக்குள்ளே ஓர் ஏழைத் தொழிலாளியின் கையும், அவன் மனக்கவலையும், மழையும் வந்துவிட்டன. அந்தத் தொழிலாளியைச் சுட்டப் புலவர் கையாண்ட சொல் இழிவுச் சொல்தான். அதை நாம் மூடி மறைக்கத் தேவையில்லை. சொல்லிலே தாழ்வு; காட்சியிலே இடம். பாலுவுக்கோ காட்சியிலேயே இடம் இல்லை. இரண்டாயிரம் ஆண்டுக்கு முன் ஓலை பிடித்ததை, 1911-இல் ஒளிச்சுருள் பிடிக்கத் தவறியது!

*

இனிக் கருவி வளர்ந்த கதைக்கு வருவோம்.

1936-இல் பெர்லினிலே ஒலிம்பிக் போட்டி. ஆட்சி இட்லரிடம். படம் எடுக்கும் பொறுப்பு லெனி ரீஃபென்ஸ்தால் என்ற அம்மையாரிடம். பார்னெட்டுக்கு இருந்த குறை ஒன்றும் இவருக்கு இல்லை. நாற்பதுக்கு மேற்பட்ட படப்பிடிப்பாளர். குழி தோண்டி அதற்குள்ளிருந்து பிடித்தனர். தண்டவாளம் போட்டு உருட்டிப் பிடித்தனர். நீருக்குள் மூழ்கிப் பிடித்தனர். ஏறத்தாழ 400 கிலோமீட்டர் நீளப் படச்சுருள்! அதை வெட்டி ஒட்டவே ஆண்டுக்கணக்கிலே ஆயிற்று. 'ஒலிம்பியா' என்ற பெயரிலே 1938 ஏப்ரல் 20-இல், இட்லரின் பிறந்தநாளன்று, திரைக்கு வந்தது.

தொழில் நுட்பத்திலே அதனை மிஞ்சுவது அரிது, ஒப்புக்கொள்வோம். நீக்ரோ இனத்தவர் என்று நாசிகள் இகழ்ந்த ஜெஸ்ஸி ஓவன்ஸ் நான்கு தங்கம் வென்றதை அந்தப் படத்தால் மறைக்க முடியவில்லை, அதையும் ஒப்புக்கொள்வோம். ஆனால் படம் தொடங்குவது எங்கே? கிரேக்கக் கோயிலின் இடிபாடுகளிலே! பளிங்குச் சிலை உயிர் பெற்று மனிதனாகிறது. மனித உடல் அங்கே உழைத்து வளர்ந்த உடலன்று, வழிபடத்தக்க உடல். உடல் வழிபாடு, அதன் உச்சியிலே தலைவர் வழிபாடு. அந்த வழிபாட்டுக்குக் காசு கொடுத்தது நாசி அரசு. எத்தனை கருவி! எத்தனை ஆடி! இருந்தும் அந்த அம்மையார் கட்டியது பழைய வலைதான், பொன்னாலான வலை!

அதே பெர்லினிலே, 1936 ஆகஸ்டு 15-இல், தியான்சந்த் தலைமையிலான இந்திய ஹாக்கி அணி ஜெர்மனியை 8-1 என்று வீழ்த்தியது. சரியாகப் பதினோராண்டு கழித்து அதே நாளில் இந்தியா விடுதலை பெற்றது.

அடுத்து 1964, டோக்கியோ. ஜப்பானிய இயக்குநர் கோன் இச்சிகாவா எடுத்த படம் 1965-இல் வெளிவந்தது. தொலைவை அருகிலே இழுக்கும் ஆடிகள் அவரிடம் இருந்தன. அவற்றைக் கொண்டு அவர் என்ன பார்த்தார்? வெடித்த கால்களை, மழையிலே நனைந்த குடைகளை, நெடுந்தொலைவு ஓட்டத்திலே தண்ணீருக்குத் தவிக்கும் வாய்களை. எத்தியோப்பியாவின் அபெபே பிகிலா முதலாவதாக ஓடுகிறார். அவர் முகத்தை நெடுநேரம் காட்டுகிறார். கடைசியிலே வருபவரையும் காட்டுகிறார்.

எல்லாவற்றினும் உயர்ந்தது ஒரு சிறு பகுதி. 1960-இல் விடுதலை பெற்ற சாட் என்ற ஆப்பிரிக்க நாட்டிலிருந்து வந்த அகமது இசா என்ற ஓட்டக்காரர். அவர் பதக்கம் வெல்லவில்லை. அவரைத் தொடர்ந்து செல்கிறது கருவி. பெரிய உணவுக்கூடத்திலே, பல நாட்டார் குழுக்குழுவாகப் பேசிச் சிரித்து உண்ணுமிடத்திலே, அவர் தனியே அமர்ந்து உண்கிறார். அவ்வளவுதான் காட்சி. விரைவு வண்டி நடைமேடையிலே நின்றுவிட்டது, தோழர்களே! கோட்டுக்கு முகம் வந்துவிட்டது!

இந்தப் படத்தை அரசினர் சிலர் விரும்பவில்லை. வெற்றியை முழங்கும் ஏடு வேண்டும் என்று எதிர்பார்த்த அமைச்சரே குறை கூறினார். பொருட்டாகக் கருத வேண்டாதவரைப் பொருட்படுத்தினால் ஆள்வோர் முகம் சுளிப்பது எந்நாட்டிலும் இயல்பே போலும்.

*

"சிட்னியும் பெர்லினும் டோக்கியோவும் இருக்கட்டும்; மொரப்பூருக்கும் இதற்கும் என்ன?" என்று கேட்பீர்கள். கேட்கத்தான் வேண்டும்.

இங்கிருந்து தருமபுரிக்கு 1906-இல் குறுகிய இருப்புப்பாதை போட்டார்கள். பின்பு ஓசூர் வரை நீட்டினார்கள். இரண்டாம் உலகப்போர்க் காலத்திலே அதனைப் பெயர்த்தெடுத்தார்கள். பாதை போடப்பட்ட காலத்தை ஒட்டித்தான், 1905-இல், திருச்சியிலே இருப்புப்பாதை அலுவலகத்தில் வரைவாளராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், துப்போன் என்ற பிரெஞ்சுக்காரரிடமிருந்து படம் காட்டும் பொறியை விலைக்கு வாங்கி ஊர் ஊராகச் சென்று படம் காட்டத் தொடங்கினார். அன்று ஒரு வட்டாரத்துக்கு ஒரு பொறி வந்தால் பெரிது. இன்றோ வீட்டுக்கு இரண்டு படக்கருவி, சட்டைப்பைக்குள்ளே! பார்னெட்டுக்கு ஐம்பது நொடி; நம் பிள்ளைகளுக்கு ஐம்பது மணி. குறை தீர்ந்ததா?

சில ஆண்டுகளுக்கு முன், பொங்கலை ஒட்டி எங்கள் பக்கத்திலே ஒரு சடுகுடுப் போட்டி நடந்தது. படம் பிடிக்க ஒருவரைக் கூலி பேசி அழைத்திருந்தார்கள். படத்தைப் பின்னர் பார்த்தேன். மாலை அணிவித்தல், பொன்னாடை போர்த்தல், பரிசளித்தோர் பேச்சு ஆகியவை முக்கால் மணி நேரம்! ஆட்டம் துண்டு துண்டாகப் பத்து நிமிடம். அன்றைய ஆட்டத்திலே அனைவரையும் வியக்கவைத்தவன் பாதையோரத் தெருவைச் சேர்ந்த ஓர் இளைஞன். நான்கு பேர் பிடியிலிருந்து நழுவிக் கோட்டைத் தொட்டவன். அந்தக் காட்சி படத்தில் இல்லை. அந்த நேரத்தில் கருவி மேடையைப் பார்த்துக்கொண்டிருந்தது. ஒலிபெருக்கியிலே அவன் பெயரைச் சொல்லவில்லை. தெருவின் பெயரைச் சொன்னார்கள். அவன் தாய் அந்தப் படத்தைப் பார்க்க அண்டை வீட்டுக்குப் போய், முடியும் வரை உட்கார்ந்திருந்து, எழுந்து வந்தாள். எவரையும் திட்டவில்லை. "என் மகன் வரவே இல்லையே" என்றாள், அவ்வளவே. அவளிடம் சிட்னிப் படத்தின் அருமையை நான் எப்படி எடுத்துரைப்பேன்?

படம் எடுத்தவரைக் குறை கூறவில்லை. அவருக்குக் கூலி கொடுத்தது மேடை. மேடை காசு கொடுத்தால் மேடைதான் தெரியும். அப்படியானால் ஆட்டக்காரரின் தாய்மார் காசு கொடுத்தா படம் எடுப்பது என்பீர்கள். காசு தேவையில்லாத கருவி வந்துவிட்டது என்பதுதானே இக்காலத்தின் சிறப்பு! இப்போதும் மேடையையே பார்ப்போமானால், குறை காசிலே இல்லை, கண்ணிலே இருக்கிறது.

நம்பிக்கைக்கு இடம் இல்லாமலும் இல்லை. பக்கத்துச் சேலம் மாவட்டத்துச் சின்னப்பம்பட்டி. கூலித் தொழிலாளர் குடும்பம். அங்கே பிறந்த நடராசன். 2020-இல் இந்திய அணி ஆஸ்திரேலியா சென்றபோது, வலைப்பயிற்சியிலே மற்றவர்க்குப் பந்து போடுவதற்காகவே அழைத்துச் செல்லப்பட்டவர் அவர். ஆம், பந்து போடுகிறவன்! பாலுவின் வேலை! ஆனால் காலம் சற்றே மாறியிருந்தது. டிசம்பர் 2-இல் கான்பெராவிலே ஒருநாள் போட்டியில் களம் கண்டார்; டிசம்பர் 6-இல், ரஞ்சி 175 எடுத்த அதே சிட்னியிலே, 20 ஓட்டத்துக்கு 2 விக்கெட் வீழ்த்தினார்; 2021 சனவரியில் பிரிஸ்பேன் தேர்வுப் போட்டியின் முதல் ஆட்டத்திலே 3 விக்கெட். உலகமே பார்த்தது. ஒவ்வொரு பந்தையும் பல கோணங்களிலே திரும்பத் திரும்பக் காட்டினார்கள். வலைக்குள் நின்ற இளவரசர் முதல் வலைக்கு வெளியே நின்ற தொழிலாளி மகன் வரை, படக்கருவி நடந்து வர 123 ஆண்டு ஆயிற்று!

ஒருவர் வந்துவிட்டார் என்று ஓய்ந்துவிடலாகாது. ஒருவரை மட்டும் பிரித்தெடுத்துப் போற்றுவதும் வலைதான். நடராசனுக்கு மட்டை பிடித்துப் பழகியவர், சின்னப்பம்பட்டியிலே உடன் ஆடியவர், பந்து பொறுக்கியவர் ஆகியோரையும் காணும் கண் நமக்கு வேண்டும்.

ஆகவே, பார்னெட்டின் ஒரு நிமிடப் படத்தை இகழ்ந்து ஒதுக்க நான் கூறவில்லை. அதைப் பாருங்கள், பலமுறை பாருங்கள், அந்த மணிக்கட்டின் அழகை வியந்து போற்றுங்கள். போற்றிவிட்டு, சட்டத்துக்கு வெளியே யார் நிற்கிறார் என்று கேளுங்கள். ஒரு படத்தை மதிப்பிடும் முறைகளிலே அது தலையாயது என்பேன். கலை எவ்வளவு அழகாகக் காட்டியது என்பது பாதித் திறனாய்வு. எவரைக் காட்டாமல் விட்டது என்பது மறுபாதி.

சென்ற பொங்கலுக்கு எங்கள் படிப்பகத்து இளைஞர்கள் தாமே கைப்பேசியில் சடுகுடுப் போட்டியைப் பிடித்தார்கள். கை நடுங்கியிருக்கிறது, ஒளி போதவில்லை, ஓரிடத்திலே எவருடைய தலையோ மறைக்கிறது. ஆனால் பாடி வந்தவரும் தெரிகிறார். பிடித்த எழுவரும் தெரிகிறார்கள். முடிவிலே இரண்டு அணியினர் பெயரும், தோற்றவர் பெயரும், கோடு கிழித்துச் சுண்ணாம்பு போட்டவர் பெயரும் எழுத்தில் வருகின்றன.

அதைப் பெரியவரிடம் காட்டினோம். நெடுநேரம் பார்த்தார். பெயர்கள் வந்தபோது ஒவ்வொன்றாக எழுத்துக் கூட்டிப் படித்தார். படித்து முடித்துவிட்டு, இளைஞரை நிமிர்ந்து பார்த்துக் கேட்டார்:

"இதைப் பிடித்தது யாரப்பா? உன் பேரைக் காணோமே!"